மெடிக்கல் பாஸான வேலி

அமீரகத்தில் ஒட்டகத்துக்கு வேலி உண்டு. துபாயிலிருந்து அல் ஐன் போகும் சாலையில் பாருங்கள், கம்பிவலை கூடவே வரும். மாட்டின் மேல் கார் மோதினால் மாடு ஒரு பக்கம் விழும், கார் ஒரு பக்கம் நிற்கும். ஒட்டகத்தின் மேல் மோதினால் பம்பரில் படுவது கால் மட்டும்தான். மேலே இருக்கிற மொத்த உடம்பும் கண்ணாடியை உடைத்துக்கொண்டு டிரைவர் மடிக்கு வந்துவிடும். அதனால் வேலி. எண்ணெய்க் கிடங்குக்கு வேலி உண்டு, துறைமுகத்துக்கு உண்டு, பேரீச்சந் தோட்டத்துக்கு உண்டு. வெள்ளாட்டுக்கு மட்டும் கிடையாது. நான் இருக்கும் ஃபுஜைராவில் மலையடிவார வெள்ளாடு போகாத இடம் இமிகிரேஷன் ஆபீஸ் ஒன்றுதான். அங்கே அதற்கு ஒரு வேலையும் இல்லை.

ஃபுஜைரா என்று சொன்னால் ஊரில் யாருக்கும் விளங்காது. "துபாய்தானப்பா?" என்பார்கள். ஏழு அமீரகங்களில் கடற்கரை முழுவதும் ஓமன் வளைகுடாப் பக்கம் இருப்பது இது ஒன்றுக்குத்தான். முதுகுப் பக்கம் ஹஜர் மலை. 2012 முதல் அபுதாபியின் கச்சா எண்ணெய் ஹப்ஷானிலிருந்து குழாய் வழியே இங்கே வந்து கப்பலேறுகிறது. ஹோர்முஸ் ஜலசந்தி வழியாகப் போக வேண்டியதில்லை. அந்த எண்ணெயில் எனக்குப் பங்கு ஒன்றுமில்லை. நான் துறைமுகத்தை ஒட்டிய ஒரு கிடங்கில் ஸ்டோர் கீப்பர்.

வீடு மலையடிவாரத்தில், ஒரு வாதிக் கரையில். மழை இல்லாதபோது கூழாங்கல் பள்ளம், மழை வந்தால் ஆறு, இதுதான் வாதி. ராமநாதபுரத்தான் வைகையைப் பார்த்து வளர்ந்தவன். எனக்கு இது ஒன்றும் புதிதில்லை. அர்பாபுடைய, அதாவது வீட்டு முதலாளியுடைய, பழைய வீட்டின் பின்கட்டில் குடியிருக்கிறோம். அதற்கும் வில்லா என்றுதான் பெயர். வளைகுடாவில் லிஃப்ட் இல்லாத வீடெல்லாம் வில்லா. ஊரில் என் தங்கச்சி வீட்டுக்காரர் நான் வில்லாவில் இருப்பதாக எல்லோரிடமும் சொல்லிவைத்திருக்கிறார். அதனால் எனக்கு வரவேண்டிய மரியாதையும் வரக்கூடாத கடன் கோரிக்கைகளும் சேர்ந்தே வருகின்றன.

அந்த வில்லாவின் பின்சுவரை 2022 ஜூலைக் கடைசியில் வந்த வெள்ளம் கொண்டுபோனது. ஃபுஜைரா துறைமுகத்தில் 255 மில்லிமீட்டர் மழை பதிவான வெள்ளம் அது. உயிர்கள் போயின, ராணுவம் வந்து ஆட்களை மீட்டது. எங்களுக்குப் போனது சுவர் மட்டும். அதைப் பற்றிப் புகார் சொல்ல வாய் வராது. அடுத்த மாதம் கட்டித் தருவதாக அர்பாப் சொன்னார். எந்த வருஷத்து அடுத்த மாதம் என்று வீட்டு ஓனரிடம் கேட்பது மரியாதை இல்லை.

சுவர் போன இடத்தில் வெளிச்சம் வந்தது, காற்று வந்தது, மலை தெரிந்தது. என் வீட்டுக்காரிக்கு விவசாய ஆசையும் வந்தது. வளைகுடாவில் விதைப்புக்குக் கோடை முடிய வேண்டும். மே மாதம் விதைத்தால் விதை வறுபடும்; அக்டோபரில் போட்டால்தான் முளைக்கும். ஊரிலிருந்து வந்த கொத்தவரை, வெண்டை, தண்டுக்கீரை விதைகளை ஊன்றினாள். மசாஃபியில் வெள்ளிச் சந்தை என்று ஒன்று உண்டு. பெயர்தான் வெள்ளி, வாரம் முழுக்கத் திறந்திருக்கும். கம்பளம், பழம், செடி எல்லாம் சாலையோரமே விற்கும். அங்கிருந்து தக்காளி நாற்றும் ஒரு கறிவேப்பிலைக் கன்றும் வாங்கி வந்தோம். முருங்கை ஏற்கெனவே நின்றது. டிசம்பரில் தோட்டம் போட்டோ எடுத்து அனுப்பும் நிலைக்கு வந்தது. அனுப்பினோம். மறுநாள் ஆடு வந்தது.

வெள்ளாடு மேய்வதை நாம் ஊரில் தூரத்தில் நின்று பார்த்திருப்போம். நம் தக்காளியை மேயும்போது பக்கத்தில் நின்று பார்த்தால்தான் அதன் தொழில் நேர்த்தி புரிகிறது. முழுச் செடியைத் தின்னாது. கொழுந்தை மட்டும் உதட்டால் பிரித்து, ஒரே இழுப்பு. அடுத்த செடி. அந்தச் செடி இனி வளரவும் வளராது, சாகவும் சாகாது. நாம் தினமும் பார்த்து வயிறெரிய அப்படியே நிற்கும். முருங்கைக்கு வந்ததும் பின்னங்காலில் எழுந்து நின்று, முன்னங்கால் இரண்டையும் மரத்தில் ஊன்றி, எட்டிய கொப்பையெல்லாம் உருவியது. நான் "ஏய்" என்றேன். அது மென்றுகொண்டே திரும்பிப் பார்த்தது. ஆட்டின் கண்மணி வட்டமாக இருக்காது, படுக்கவைத்த செவ்வகம். அந்தச் செவ்வகத்தில் பயம் என்ற ஒன்று கொஞ்சமும் இல்லை.

ஊரில் இதற்கு வழி இருந்தது. வெள்ளைக்காரன் 1871இல் கால்நடை அத்துமீறல் சட்டம் என்றே ஒன்று போட்டான். அடுத்தவன் ஆடு மாடு பயிரில் இறங்கினால் ஓட்டிப்போய்ப் பவுண்டில் அடைக்கலாம். உரியவன் தண்டம் கட்டி மீட்க வேண்டும். எங்கள் தாத்தாவுக்குச் சட்டத்தில் தெரிந்தது இது ஒன்றுதான், இது போதுமானதாகவும் இருந்தது. இங்கே ஆட்டை நான் எங்கே ஓட்டுவது? கொம்பில் சிவப்புப் பெயிண்ட் அடித்திருந்ததால் உரியவர் யாரோ இருக்கிறார் என்பது மட்டும் தெரிந்தது. ஆட்டின் மேல் கல் விட்டு, அது யார் வீட்டு ஆடு என்று பிற்பாடு தெரியவருவது, விசா புதுப்பிக்க வேண்டியவனுக்கு உகந்த காரியம் இல்லை.

அர்பாபிடம் போனேன். அவர் பேசுவது வளைகுடா இந்தி, நான் பேசுவதும் அதுதான். "சுவர் என்றால் பலதியா பேப்பர் கேட்கும். சிமென்ட் வேண்டாம். மரத்தில் கட்டு. மாஃபி முஷ்கில்" என்றார். பலதியா என்றால் நகராட்சி. மாஃபி முஷ்கில் என்றால் பிரச்சினை இல்லை. அவருக்கு.

மரம் என்றதும் நாம் எளிதாக நினைத்துவிடுகிறோம். வளைகுடாவில் மரம் என்பது சரித்திரம் முழுக்க இறக்குமதிச் சரக்கு. இங்கே மிதந்த பாய்மரக் கப்பல்களுக்குத் தேக்கு மலபாரிலிருந்து வந்தது. வீட்டுக் கூரைக்குக் கிழக்கு ஆப்பிரிக்காவிலிருந்து அலையாத்திக் கம்புகள் வந்தன. அந்தக் கம்பு என்ன நீளமோ அதுதான் அறையின் அகலம். பழைய அரபு வீடுகளைப் போய்ப் பாருங்கள், அறை எல்லாம் நீள நீளமாக ஒடுங்கியே இருக்கும். உள்ளூரில் தாராளமாகக் கிடைத்தது பேரீச்ச மட்டை. அதை வரிந்து கட்டி அரீஷ் என்று வீடே எழுப்பினார்கள், வேலியும் போட்டார்கள். இடுக்கு வழியே காற்று உள்ளே வரும். ஏசி இல்லாத காலத்தில் இந்தப் புழுக்கத்தில் மனிதர்கள் எப்படிப் பிழைத்தார்கள் என்பதற்கு அந்த இடுக்குதான் பதில். பேரீச்சை சார்ந்த அறிவையும் வழக்கங்களையும் யுனெஸ்கோ 2019இல் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. மட்டை வேலி கட்டலாமே என்று எனக்கும் தோன்றியது. கட்டத் தெரிந்த கிழவர் ஒருவரை விசாரித்துப் பிடித்தோம். அவர் ஒரு பாரம்பரிய விழா மைதானத்தில் கட்டிக் காட்டுவதற்காக அடுத்த இரண்டு மாதம் புக் ஆகியிருந்தார்.

மரக்கடைக்குப் போனேன். கடைக்காரர் கோழிக்கோட்டுக்காரர், உரு என்கிற மரக்கப்பல் கட்டுகிற பேப்பூருக்குப் பக்கம். "சாரே, ஈ கல்ஃபில் ஓடிய கப்பலெல்லாம் ஞங்ஙளுடே மரமாணு" என்று தொடங்கி, தேக்கின் பெருமையைச் சொல்லி முடித்து, ருமேனியா வைட்வுட்டைக் காட்டினார். வளைகுடாவில் மரவேலை என்றாலே வைட்வுட்தான். தச்சர் முதல் காங்கிரீட் பலகை அடிப்பவர் வரை அதைத்தான் கேட்பார்கள். அகலம், நீளம், எண்ணிக்கை எல்லாவற்றையும் கால்குலேட்டரில் தட்டி என் பக்கம் திருப்பிக் காட்டினார். அந்தக் காசுக்கு மூன்று வருஷம் கடையில் தக்காளி வாங்கலாம். தூணுக்கு மட்டும் நாலுக்கு நாலு கட்டைகள் எடுத்துக்கொண்டேன். பலகைக்கு வேறு வழி பார்க்கலாம் என்று திரும்பினேன்.

இரவு அய்யாவுக்குப் போன் போட்டேன். என் தகப்பனாருக்கு எழுபது தாண்டிவிட்டது. வேலி விஷயத்தில் அவர் சொல்வதுதான் எங்கள் வீட்டில் கடைசித் தீர்ப்பு.

"ஏண்டா, அங்க வேலிக்கருவ இருக்கா?"

"இருக்குய்யா. வாதி பூரா அதுதான்."

"அப்பறம் என்னத்துக்குடா மரக்கடைக்குப் போன? வெட்டிப் போடு. முள்ளுவேலிக்குக் காசு குடுத்த மொதல் ராம்நாட்டுக்காரன் நீதான்டா."

விஷயம் உண்மைதான். பசுமை என்ற பெயரில் இங்கேயும் ஒரு காலத்தில் அதைக் கொண்டுவந்து நட்டார்கள். நட்டவர்களே இன்று வேரோடு பிடுங்க ஆள் விடுகிறார்கள். நம்மூரில் 2017இல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை வேலிக்கருவையை, அதாவது சீமைக்கருவேலத்தை, அகற்றச் சொன்னபோது ராமநாதபுரத்தில் பாதி ஜில்லாவையே அகற்ற வேண்டுமே என்று பேசிக்கொண்டோம். அதன் நெருங்கிய உறவுதான் நம் கோயில்களில் தலமரமாக நிற்கும் வன்னி. அதற்கு இங்கே காஃப் என்று பெயர்; அமீரகத்தின் தேசிய மரம். 2019ஐச் சகிப்புத்தன்மை ஆண்டாக அறிவித்தபோது சின்னத்தில் இருந்ததும் அதுவே. ஒரே குடும்பத்தில் ஒருவன் தேசியச் சின்னம், ஒருவன் தேடப்படும் குற்றவாளி. நம் சொந்தபந்தத்திலும் உண்டு.

அய்யா சொன்னபடி கொஞ்சம் வெட்டிப் போட்டுப் பார்த்தேன். மறுநாள் ஆடுகள் வந்தன, முள்ளை விலக்கி, மஞ்சள் நெற்றுகளை ஒன்றுவிடாமல் தின்றன. அந்த நெற்று அவற்றுக்கு அல்வா. வேலியே பயிரை மேய்ந்த கதையைத்தான் நம் முன்னோர்கள் சொல்லிவைத்தார்கள். ஆடு வேலியை மேய்ந்துவிட்டு, ஆற அமரப் பயிருக்கு வந்தது இங்கேதான்.

கடைசியில் வழி கிடங்கிலேயே கிடந்தது. பேலட். சரக்கைத் தூக்கிவைக்க அடியில் கொடுக்கும் மரச்சட்டம். சரக்கு போய்விடும், பேலட் நிற்கும். நீல பெயிண்ட் அடித்தது வாடகைக் கம்பெனியுடையது, தொடக் கூடாது. மற்றதில் உடைந்ததையெல்லாம் ஒதுக்கிப் போட்டிருப்போம். மேனேஜரிடம் எழுதிக் கேட்டேன். எடுத்துக்கொண்டு போனால் புண்ணியம் என்றார்.

ஸ்டோர் கீப்பராக எத்தனையோ ஆயிரம் பேலட்டைப் பார்த்திருக்கிறேன். அதன் பக்கவாட்டில் குத்தியிருக்கும் முத்திரையை உட்கார்ந்து படித்தது அப்போதுதான். ஒரு கோதுமைக் கதிர் படம், ஐபிபிசி என்ற எழுத்து, நாட்டின் இரண்டெழுத்து, அப்புறம் ஹெச்டி அல்லது எம்பி. மரத்தோடு பூச்சி நாடு விட்டு நாடு போகக்கூடாது என்பதற்காக 2002இல் கொண்டுவந்த சர்வதேச விதி. ஐஎஸ்பிஎம் 15 என்பார்கள். ஹெச்டி என்றால் மரத்தின் நடுப்பகுதி வரை 56 டிகிரி சூடு, முழுசாக 30 நிமிடம். எம்பி என்றால் மெத்தில் புரோமைடு வாயு அடித்தது. கீரைப் பாத்திக்குப் பக்கத்தில் அது வேண்டாம். ஹெச்டியாகப் பார்த்துப் பொறுக்கினேன். நான் எடுத்ததில் பாதிக்கு மேல் 'ஐஎன்' முத்திரை, அதாவது இந்தியா.

அந்த முத்திரையைப் பார்க்கப் பார்க்க எனக்கு இனம்புரியாத பாசம் வந்தது. எனக்கும் இங்கே வந்ததும் மார்பு எக்ஸ்ரே எடுத்தார்கள், ரத்தம் எடுத்தார்கள், நோய் இல்லை என்று முத்திரை குத்திய பிறகுதான் உள்ளே விட்டார்கள். இதற்கும் மெடிக்கல் முடிந்திருக்கிறது. நானும் இதைப் போலத்தான், வேறொருவர் சரக்கைச் சுமக்க வந்தவன். சுமந்து முடித்ததைத் திருப்பி அனுப்பும் செலவு அதன் விலையைவிட அதிகம் என்பதால் இங்கேயே கிடக்கிறது. இதை என் வீட்டுக்காரியிடம் சொன்னேன். "அது வாயத் தொறக்காம வேலை செய்யுது" என்றாள்.

பேலட்டைப் பிரிப்பது தனி அத்தியாயம். அதில் அடித்திருப்பது சாதாரண ஆணி இல்லை, முறுக்காணி. திருகிக்கொண்டு உள்ளே போயிருக்கும். ஆணி புடுங்கியைக் கொடுத்து நெம்பினால் ஆணி வராது, பலகை இரண்டாகப் பிளக்கும். பலகைக்கும் கட்டைக்கும் நடுவில் மெல்லிய பிளேடு வாளை நுழைத்து ஆணியையே அறுத்துவிட வேண்டும். ஆணித் தலை பலகையிலேயே தங்கிவிடும், வெள்ளிப் பொட்டு வைத்த மாதிரி. பலகையைத் திருப்பிப் பார்த்தால் பழைய சரக்கின் வாசனை இருக்கும். ஒன்றில் மிளகாய் வத்தல். ஒன்றில் சோப்பு. ஒன்று எதைச் சுமந்ததோ, அதை மட்டும் வாதியைத் தாண்டிப் போட்டுவிட்டு வந்தேன்.

கோடையில் இங்கே ஒரு நல்ல சட்டம் உண்டு. ஜூன் 15 முதல் செப்டம்பர் 15 வரை, பகல் 12:30 முதல் 3 மணி வரை, திறந்த வெயிலில் யாரிடமும் வேலை வாங்கக் கூடாது. மீறினால் முதலாளிக்குத் தொழிலாளி ஒருவருக்கு 5,000 திர்ஹம் வீதம் அபராதம். நான் வேலியில் இறங்கியது ஜனவரி. ஜனவரிக்கு அந்தச் சட்டம் பொருந்தாது என்பது என் வீட்டுக்காரிக்கு எப்படியோ தெரிந்திருந்தது.

குழி தோண்டும்போதுதான் ஆலோசகர்கள் வந்து சேர்ந்தார்கள். நம்மூரில் ஒருவன் கடப்பாரையை எடுத்தால் தெருக்காரர்கள்தான் கூடுவார்கள். இங்கே ஐக்கிய நாடுகள் சபை கூடும். முதலில் வந்தவர் தண்ணீர் டேங்கர் ஓட்டும் கான் சாப், பெஷாவர்ப் பக்கம். வண்டியை ஓரம் கட்டினார், இறங்கினார், இடுப்பில் கைவைத்தார். எங்கள் மண் வாதி வண்டல். ஒரு சாண் தோண்டினால் இரண்டு சாண் கல் வரும். "சிமென்ட் போடாத வரைக்கும் நல்லது" என்றார். தூணைச் சுற்றி சிமென்ட் போட்டால் மரத்துக்கும் சிமென்ட்டுக்கும் நடுவில் தண்ணீர் நின்று தூண் அழுகும். தோண்டிய கல்லையே போட்டு, அடுக்கடுக்காக இடித்து இறுக்கினால் தண்ணீர் கீழே இறங்கிவிடும் என்று விளக்கினார். சிமென்ட் கூடாது என்று அர்பாப் சொன்னது பலதியாவுக்காக. காரணம் எதுவானால் என்ன, பலன் ஒன்றுதான். மண்ணுக்குள் போகும் இரண்டடிக்குக் கருப்பு பிட்டுமன் பூசச் சொன்னவரும் அவரே.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்ல வேண்டும். 1965இல் எங்கள் ஊர் ரயில்வே ஸ்டேஷன் போர்டில் இந்தி எழுத்துக்குத் தார் பூசியவர்களில் அய்யாவும் ஒருவர். அவருடைய மகன் நான் பள்ளியில் இந்தியை எட்டிப் பார்க்காமல் வளர்ந்து, வளைகுடாவில் இறங்கிய மூன்றே மாதத்தில் பட்டாணியர்களிடம் அதைப் படித்துக்கொண்டேன். அவர்களுக்கும் அது சொந்த மொழி இல்லை. கதவு ஆணா பெண்ணா என்று அவர்களும் கவலைப்படுவதில்லை, நானும் படுவதில்லை. கருத்து போய்ச் சேர்ந்துவிடும். அன்றைக்கு ஜனவரி வெயிலில் குனிந்து கட்டைக்குத் தார் பூசிக்கொண்டிருந்தேன், எப்படிப் பூசுவது என்று மேலே நின்று இந்தியில் ஒருவர் சொல்லிக்கொண்டிருந்தார். தார் பூசுவதை எங்கள் குடும்பம் விட்டுவிடவில்லை. திசை மட்டும் கொஞ்சம் மாறியிருக்கிறது.

அடுத்த சர்ச்சை, பலகையைப் படுக்கையாக அடிப்பதா, நிறுத்தி அடிப்பதா. படுக்கைதான் அழகு என்று மாடல் படங்களைக் காட்டினார் பக்கத்து வீட்டு ஃபிலிப்பினோ நர்ஸ். "படுக்கப் போட்டா ஆட்டுக்கு ஏணி" என்று அய்யா வீடியோ காலில் தலையிட்டார். நிறுத்தியே அடித்தோம். அதைவிடப் பெரிய சண்டை, பலகை எந்தப் பக்கம் வருவது என்பது. தூணும் குறுக்குச் சட்டமும் தெரியும் பக்கம் முதுகு. பலகை தெரியும் பக்கம் முகம். முகம் வீட்டைப் பார்க்க வேண்டும் என்றாள் வீட்டுக்காரி. கான் சாப் கையை ஆட்டினார். ஆடு வேலியில் சாய்ந்து தேய்க்கும்; பலகை ஆட்டுப் பக்கம் இருந்தால் அது தள்ளத் தள்ளப் பலகை சட்டத்தோடு ஒட்டிக்கொள்ளும். நம் பக்கம் இருந்தால் தள்ளத் தள்ள ஆணி கழன்று வரும். நியாயத்தை மறுக்க முடியவில்லை. ஆக, என் வேலியின் அழகான பக்கத்தைப் பார்த்து ரசிப்பது ஆடுகள். நாங்கள் பார்ப்பது முதுகை.

"செலவழிச்சுச் செத்த மரத்தை நடுறியள்" என்று தலையில் அடித்துக்கொண்டவர் எங்கள் கிடங்கின் கணக்கர், பருத்தித்துறைக்காரர். "எங்கட ஊரில கதியால் போட்டா வேலியே மரமா நிண்டு தழைக்கும். கிளுவை, பூவரசு, முள்முருக்கு. வருசத்துக்கு ஒருக்கா வெட்டி ஆட்டுக்குக் குழை போடுவம்." ஆட்டைத் தடுக்கும் வேலியே ஆட்டுக்குத் தீனியும் போடுகிறது. யாழ்ப்பாணத்தார் எதிலும் இரண்டு வருமானம் பார்ப்பவர்கள். ஓலை வேலி அடைப்பதையும், எல்லைக் கதியால் ஒரு சாண் நகர்ந்ததற்காகத் தலைமுறை தலைமுறையாகக் கோர்ட்டுக்கு அலைந்த குடும்பங்களையும் பற்றி அவர் சொல்லத் தொடங்கினால் தேநீர் ஆறிவிடும். எல்லாம் சொல்லிவிட்டுக் கடைசியில் கேட்டார்: "பொட்டு விட்டனீங்களோ?"

அங்கே வேலியில் ஆள் நுழைகிற அளவுக்கு ஓர் இடைவெளி விடுவார்களாம். அதன் வழியாகத்தான் பெண்டுகள் பேச்சும் கறியும் கைமாறும். வீட்டுக்காரி அந்த யோசனையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். முன்கட்டில் அர்பாபின் தாயார் இருக்கிறார். நோன்பு மாதம் பிறந்தால் அங்கிருந்து ஹரீஸ் கஞ்சி வரும். இங்கிருந்து உளுந்த வடை போகும். இருவருக்கும் பொதுவான மொழி ஒன்றும் கிடையாது. ஆனாலும் அரை மணி நேரம் பேசுவார்கள். சுவர் விழுந்ததிலிருந்து அந்த அம்மா பின்பக்கமாகவே வந்து பழகிவிட்டார். இப்போது வேலியால் அந்த வழி அடைபடுகிறது. பொட்டு விட்டால் ஆடு வரும் என்றேன். "அப்ப கதவு போடுங்க" என்றாள். மிச்சப் பலகையில் ஒரு படல் கதவு செய்து கீல் மாட்டினேன். ரசமட்டம் வைத்துப் பார்த்து மாட்டிய கதவு அது. ஃபுஜைராவில் வெள்ளிக்கிழமை மாலைகளில் காளையோடு காளையை மோதவிடுவார்கள். அந்த மைதானத்துக் கம்பிவலையைவிட என் வேலி உறுதி என்று கான் சாப் இடித்துப் பார்த்துச் சான்றிதழ் தந்தார்.

ஆடுகள் வந்தன. வேலி நெடுகிலும் நடந்தன. ஒன்று முகர்ந்தது, ஒன்று கொம்பால் தட்டியது, ஒன்று மிளகாய் வத்தல் பலகையை நக்கிவிட்டுத் தும்மியது. பின்னங்காலில் எழுந்து பார்த்தன, உயரம் போதவில்லை. அதன் பிறகு வெளியே நிழலில் படுத்து அசைபோட்டன. அந்த மாசியில் எங்கள் வீட்டில் கொத்தவரங்காய் பருப்பு உசிலி ஆனது. மலையாளியிலிருந்து பட்டாணியர் வரை எல்லாருக்கும் போனது. பருத்தித்துறைக்காரர் மட்டும் உப்புக் குறைவு என்றார்.

மே மாத வெயிலில் பாத்தி காய்ந்துபோனது. கோடைக்கு இங்கே யாரும் தோட்டம் வைப்பதில்லை. முருங்கையும் கறிவேப்பிலையும் மட்டும் தண்ணீர் ஊற்ற ஊற்ற உயிரைப் பிடித்து நின்றன. ஜூன் கடைசியில் ஹஜ்ஜுப் பெருநாள். அதற்குப் பத்துப் பதினோரு நாள் முன்னால் ஒரு மாலை அர்பாப் பின்பக்கம் வந்தார். வேலியை அன்றுதான் நிதானமாகப் பார்க்கிறார். தூணைப் பிடித்து அசைத்தார், அசையவில்லை. கதவைத் திறந்து மூடினார், சத்தமே இல்லை. "மாஷா அல்லாஹ். கம்பெனியா கட்டியது?" என்றார். நானே என்றேன். அடடா, இந்தத் தெருவிலேயே இப்படி ஒரு வேலி யாரிடமும் இல்லையே என்று இரண்டு தடவை சொன்னார். வாடகையை ஏற்றப்போகிறார் என்று எனக்கு வயிற்றைக் கலக்கியது.

வாடகையைப் பற்றி ஒரு பேச்சும் இல்லை. மறுநாள் காலை பிக்கப் வந்து நின்றது. அர்பாபின் ஆள் ஒருவர் பின்கதவை இறக்கி, ஐந்து கிடாய்களை ஒவ்வொன்றாக இறக்கி, என் படல் கதவைத் திறந்து உள்ளே விட்டு, கொக்கியை மாட்டினார். பெருநாள் வரைக்கும் இங்கே நிற்கட்டும், வெளியே கட்டினால் களவு போகிறது, இவ்வளவு பத்திரமான இடம் வேறு இல்லை என்று அர்பாப் போனில் சொன்னார். முருங்கை இலை இருந்தால் போடச் சொன்னார். அவற்றில் இரண்டின் கொம்பில் சிவப்புப் பெயிண்ட் இருந்தது.

இரவு அய்யாவிடம் எல்லாவற்றையும் ஒப்பித்தேன். ஆட்டுக்குப் பயந்து வேலி கட்டி, அதே ஆட்டை உள்ளே வைத்துப் பூட்டி, ராத்திரியில் எழுந்து தண்ணீர் வைக்க வேண்டிய பிழைப்பைச் சொன்னேன். மறுமுனையில் கொஞ்ச நேரம் சத்தமில்லை. என் துயரம் உறைத்துவிட்டது போலும் என்று நினைத்தேன். அவர் கணக்குப் போட்டுக்கொண்டிருந்திருக்கிறார்.

"ஏண்டா, இங்க ஒரு ராத்திரி கிடை போட கீதாரிக்குக் காசு குடுத்து, கஞ்சியும் ஊத்தணும். ஒனக்கு அஞ்சு உருப்படி, பத்து ராத்திரி, சும்மா போடுறான். அக்டோபருக்கு எருவாச்சு. வாயப் பொத்திக்கிட்டு மூலைக்கு மூலை மாத்திக் கட்டு. கறிவேப்பிலைப் பக்கம் ரெண்டு நாள் கூடவே கெடக்கட்டும்."